நகர்த்திப் பார்க்கிறவள்

“தாடையை இதுல வைங்க சார், நெத்தி அந்தப் பட்டையில முட்டணும், ஆங், அப்படியே ஆடாம இருங்க,” என்றாள் ரெஜினா. கண்ணாஸ்பத்திரியில் இந்தப் பரிசோதனை அறைக்குப் பொறுப்பான பெண். ரெண்டு வருஷமாக ஆறு மாசத்துக்கு ஒரு தரம் தணிகாசலத்தை இவள்தான் ஒரு வெள்ளைக் கிண்ணத்துக்குள் முகத்தைக் கொடுத்து உட்கார வைக்கிறாள். வலது கண்ணுக்கு இன்றைக்குப் பரிசோதனை இல்லை. அது நல்ல கண், அதைப் பற்றி ஒரு பேச்சுமில்லை. அதன் மேல் பஞ்சு வைத்து ஒட்டியாகிவிட்டது, இடது கண் மட்டும்தான். “நடுவுல மஞ்ச லைட்டு தெரியுதா? அதையே பாருங்க. சுத்தி குட்டி குட்டியா வெளிச்சம் வந்து வந்து போகும். தெரிஞ்சா கையில இருக்கிற பட்டனை அழுத்துங்க. தெரியலைன்னா அழுத்தாதீங்க. அவ்வளவுதான்.” அவ்வளவுதானாமே! வேலை செய்த காலமெல்லாம் கம்ப்யூட்டருக்குப் படம் வரையக் கற்றுக்கொடுத்த மனுஷனிடம் வந்து பட்டன் அழுத்தச் சொல்லித் தருகிறாள். தணிகாசலத்துக்கு உள்ளுக்குள் சிரிப்பு வந்தது, வந்த வேகத்திலேயே போய்விட்டது. அறையில் என்னவோ சரியில்லை. காதைத் தீட்டிக்கொண்டார். ஏசி ஓடுகிறது. ரெஜினா நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொள்கிறாள். மெஷினிலிருந்து மட்டும் ஒன்றையுமே காணோம். “என்னம்மா, இன்னும் ஆரம்பிக்கலையா?” “ஆரம்பிச்சாச்சு சார், பேசாதீங்க. இது புது மெஷின். பழசு மாதிரி டிக்கு டிக்குன்னு சத்தம் போடாது.”

செத்தோம் என்று நினைத்துக்கொண்டார். பழைய மெஷின் என்ன பண்ணும், வெளிச்சத்தை ஓரிடத்திலிருந்து இன்னொரு இடத்துக்கு நகர்த்தும்போதெல்லாம் அதன் வயிற்றுக்குள் ஒரு மோட்டார் டிக்கென்று திரும்பும். டிக், வெளிச்சம். டிக், வெளிச்சம். நடுநடுவே டிக் மட்டும் வரும், வெளிச்சம் வராது. பொய்யாக அழுத்துகிறவனைப் பிடிக்க வைத்த பொறி அது. அந்தப் பொய் டிக் மட்டும் ஒரு இழை குட்டையாக இருக்கும். வேறெவனுக்கும் தெரியாது, தணிகாசலத்துக்குத் தெரிந்தது. சத்தியமாகச் சொல்கிறார், முதல் தடவை டிக்கைக் கேட்டு அழுத்தினபோது கெட்ட எண்ணம் ஏதுமில்லை. எவனோ உட்கார்ந்து எழுதிய புரோகிராம், எழுதினவன் மனசு எப்படி ஓடியிருக்கும் என்று பார்க்கிற அரிப்பு, பரம்பரை வியாதி மாதிரி தொழிலோடு வந்த அரிப்பு. காது கேட்டது, கை தானாக அழுத்தியது. டாக்டரம்மா தாளைப் பார்த்துவிட்டு, “பரவாயில்லையே, போன தடவை எப்படியோ அப்படியே இருக்கு,” என்றார். அந்தச் சந்தோஷத்தில் நேரே ஓட்டலுக்குப் போய் நெய் ரோஸ்ட் சாப்பிட்டபோது பெண்டாட்டி வசுமதியிடம் பெருமை வேறு பீற்றிக்கொண்டார். “அது டிக்குன்னு காட்டிக் குடுத்துடுது வசு, சரியான அசட்டு மெஷின்.” வசுமதி தோசை விள்ளலைக் கையிலேயே வைத்துக்கொண்டு அவரைக் கொஞ்சம் பார்த்தாள். அப்புறம் சாம்பார் கேட்டாள்.

ஒரு புள்ளி. மேலே, மூக்குப் பக்கம். அழுத்தினார். இன்னொன்று, கீழே. அழுத்தினார். பிறகு ஒன்றுமில்லை. ஒன்றுமில்லையா, இல்லை வந்து போய்விட்டதா? இதுதான் கொடுமை. தெரியாதது தெரியாமலேதான் இருக்கிறது, கறுப்பாகக்கூட இல்லை. எல்லோரும் நினைக்கிறார்கள் பார்வை போனால் அங்கே இருட்டாக இருக்கும் என்று. இருட்டு இருந்தால் தேவலையே, இருட்டைப் பார்த்தாவது இங்கே போச்சு என்று தெரிந்துகொள்ளலாம். கிண்ணம் முழுக்க வெள்ளையாகத்தான் இருக்கிறது. போன மாசம் டாக்டரம்மா கண்ணாடியைக் கழற்றி மேஜை மேல் வைத்துவிட்டுச் சொன்னதை நினைத்துக்கொண்டார். “நரம்பைப் படம் எடுத்தா ஒண்ணு சொல்லுது, இந்த டெஸ்ட் வேற ஒண்ணு சொல்லுது. ரெண்டும் ஒத்துப் போகலையே சார். நரம்பு சொல்றது நிஜம்னா ஆபரேஷனைத் தள்ளிப் போடவே கூடாது. போன பார்வை போனதுதான், திரும்பாது. மிச்சம் இருக்கிறதையாவது காப்பாத்தணும்.” அதற்கு இவர் என்ன சொன்னார்? “நரம்புப் படம் எடுத்த மெஷின்ல கோளாறா இருக்கும் மேடம்,” என்றார். என்ன திமிர்! பக்கத்தில் உட்கார்ந்திருந்த வசுமதி கைப்பையின் வாரைத் திருகிக்கொண்டே இருந்தாள்.

மஞ்சளையே பார், மஞ்சளையே பார். இப்படி அசையாமல் ஒரே புள்ளியைப் பார்த்துப் பழக்கம்தான். கிண்டிப் பக்கம் இருந்த அந்த ஆபீஸில் பச்சைத் திரைக்கு முன்னால் உட்கார்ந்தால் சாப்பாட்டு மணி அடித்தது காதில் விழாது. கம்ப்யூட்டர் அறைக்குள் செருப்புப் போட்டுப் போகக் கூடாது, தூசி ஆகாது. வாசலில் கிடக்கிற செருப்பைப் பார்த்தே உள்ளே யார் என்று சொல்லிவிடலாம். அப்போதெல்லாம் ஒவ்வொரு கம்பெனித் திரைக்கும் ஒவ்வொரு பாஷை, ஒன்றுக்கு எழுதினது இன்னொன்றில் ஓடாது. இதற்கொரு வழி பண்ண வேண்டுமென்று பல நாட்டுக்காரர்கள் கூடி உட்கார்ந்து ஒரு ஸ்டாண்டர்டு எழுதினார்கள். கோடு என்றால் இப்படி, நிறம் என்றால் இப்படி, எந்த மெஷினில் போட்டாலும் ஒரே படம்தான் வர வேண்டும். தலையணை மொத்தத்துக்கு ஒரு புத்தகம். அதில் தணிகாசலத்தின் பங்குக்கு வந்தது கிளிப்பிங், அதாவது வெட்டுவது. உலகம் பெரிசு, திரை சின்னது. வேண்டிய இடத்தைச் சுற்றி ஒரு சன்னல் போட வேண்டும். சன்னலுக்குள் இருப்பது திரைக்கு வரும், வெளியே இருப்பது வராது, உள்ளே பாதி வெளியே பாதி கிடக்கிற கோட்டைச் சன்னல் ஓரத்தில் கணக்காக வெட்ட வேண்டும். வாலிபத்தையெல்லாம் அந்த வெட்டில்தான் கொட்டினார். வெளியே கிடக்கிற கோடு என்ன ஆகும் என்று அன்றைக்கு ஒரு நாளாவது யோசித்தாரா? அது இருக்கத்தான் செய்யும். வரையப்படாது, அவ்வளவே. இப்போது இவர் கண்ணில் எவனோ சன்னலைச் சின்னதாக்கிக்கொண்டே வருகிறான். வெளியே வெட்டுப்பட்டுப் போனதில் எதெல்லாம் இருக்கிறதோ, கடவுளே.

வெளிச்சம். அழுத்தினார். இல்லை, அது வெளிச்சமா, கண் துடித்ததா? போகட்டும். சத்தம் இல்லாவிட்டால் என்ன, தாளம் என்று ஒன்று இருக்குமே. ஒன்று வந்து, ரெண்டு மூச்சு விட்டு, அடுத்தது. அந்த இடைவெளி கிடைத்துவிட்டால் போதும், குத்துமதிப்பாக அழுத்திக்கொண்டே போகலாம். மூன்றுக்கு ஒன்று விட்டுவிட வேண்டும், எல்லாவற்றையும் அழுத்தினால் குட்டு வெளிப்பட்டுவிடும். அழுத்தினார். சும்மா அழுத்தினார், ஒன்றும் தெரியாமலே. அழுத்தின விரல் கூசியது. இந்தக் கூச்சம் பழைய கூச்சம். அந்த ஸ்டாண்டர்டுக்கு ஒரு பரீட்சை இருந்தது. டேப்பில் வரும் படங்களை நம் புரோகிராம் வரைய வேண்டும், பரீட்சை பார்க்கிறவர் கையில் அச்சடித்த படத்தை வைத்துக்கொண்டு திரையையும் அதையும் ஒப்பிட்டுச் சரி போடுவார். ஒரு படத்தில் நடுவிலிருந்து நாலாபக்கமும் கோடுகள் கிளம்பிப் போகும். அதில் ஒரே ஒரு கோடு வெகுதூரம் போகிற கோடு, அது மட்டும் தணிகாசலத்தின் கணக்கில் அடங்காமல், மெஷின் தாங்கும் அளவை மீறி எண் நிரம்பி வழிந்து, எதிர்ப்பக்கம் போய் விழுந்துகொண்டிருந்தது. மண்டையை உடைத்துக்கொண்டும் பிடிபடவில்லை. நாள் நெருங்கிவிட்டது. என்ன பண்ணினார், அந்தப் படம் வந்தால் மட்டும் அந்தக் கோட்டை இந்த இடத்திலிருந்து வரை என்று நாலு வரி எழுதிச் சொருகிவிட்டார். படம் அச்சு அசலாக வந்தது. ஆபீஸே கை தட்டியது.

கை தட்டாதவள் ஒருத்தி இருந்தாள். மதுரையிலிருந்து வந்து சோதனைப் பிரிவில் சேர்ந்திருந்த பெண், எண்ணெய் வைத்து இறுக்கிப் பின்னின சடை, கை நிறையக் கண்ணாடி வளையல். மறுநாள் இவர் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனபோது அவள் திரைக்கு முன்னால் தனியாக உட்கார்ந்திருந்தாள். “சார், இந்தப் படத்தைக் கொஞ்சம் இடது பக்கம் நகர்த்திப் போட்டேன்.” அவ்வளவுதான் சொன்னாள். திரையில் அந்தக் கோடு சன்னலைக் கிழித்துக்கொண்டு கீழே இருந்த எழுத்துகளின் மேல் குறுக்கே கிடந்தது. இவருக்கு முகம் சிவந்து, அது உங்க வேலையில்லை என்று என்னமோ கத்தினார். அவள் எழுந்திருக்கவில்லை. “பரீட்சைக்காக வரையிறீங்களா சார், படத்துக்காக வரையிறீங்களா?” என்று கேட்டாள், அதட்டலே இல்லாமல். யாரிடமும் போய்ச் சொல்லவுமில்லை. இவர்தான் தூக்கம் கெட்டு எல்லாவற்றையும் அழித்து முதலிலிருந்து எழுதினார். அந்தத் திரையே அப்படித்தான், ஒரு கோட்டை மட்டும் அழிக்க முடியாது, அழித்தால் மொத்தமும் பளீரென்று பச்சையாக மின்னிப் போய்விடும், மறுபடி முதலிலிருந்து வரைய வேண்டும். அப்புறம் ஒரு நாள், என்னைக் கல்யாணம் பண்ணிக்கிறியா என்று கேட்டதற்கு வசுமதி சொன்னாள்: “இருங்க, கொஞ்சம் நகர்த்திப் பாத்துட்டுச் சொல்றேன்.” என்ன துடுக்கு! மணவறையில் அவளை வலது பக்கத்திலிருந்து இடது பக்கத்துக்கு மாற்றி உட்கார வைத்தார்கள். அன்றையிலிருந்து இடது பக்கம்தான், ரோட்டில், பஸ்ஸில், கட்டிலில், எங்கேயும். பிள்ளை குட்டி இல்லை. இருக்கிறது இவர் ஒருவர், இடது பக்கம் அவள் ஒருத்தி.

“சார், தூங்கிட்டீங்களா? தெரிஞ்சா அழுத்துங்க.” “இல்லம்மா, முழிச்சுட்டுத்தான் இருக்கேன்.” அழுத்த ஒன்றும் வரவில்லையே. இல்லை, வருகிறது, இவருக்குத்தான் வரவில்லை. இடது பக்கம் முழுக்க ஆளில்லாத வீடு மாதிரி கிடக்கிறது. ஆடி மாசம் ஒரு காலையில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தபோது பக்கத்தைத் திருப்பக் கையை வீசினார், கையில் டம்ளர் இடித்தது, கொதிக்கக் கொதிக்கக் காபி வசுமதியின் மணிக்கட்டில் கொட்டியது. ஐயோ என்றாள், ஒரே ஒரு ஐயோ. குழாயடியில் கையைக் காட்டிக்கொண்டு நின்றாள். கொப்புளம் கிளம்பி, தோல் உரிந்து, இப்போதும் அந்த இடம் கறுத்துத்தான் இருக்கிறது. சரி, தவறிப்போச்சு என்று வைத்துக்கொள்ளலாம். ரெண்டு நாள் கழித்து மறுபடியும் அதே பக்கம் வந்து நின்றாளே! அதே இடது பக்கம், அதே டம்ளர், இவர் கை மறுபடி வீசி, மறுபடி கொட்டி. அன்றைக்கு இவர் போட்ட கூச்சல் அக்கம்பக்கத்துக்குக் கேட்டிருக்கும். “அறிவிருக்கா உனக்கு? ஏன் இந்தப் பக்கமே வந்து தொலையிற? வரும்போது ஒரு சத்தம் குடுக்கக் கூடாதா?” வெந்த கையோடு நிற்கிற மனுஷியைப் பார்த்து இந்தப் பேச்சு. பயம்தான். கோபமெல்லாம் இல்லை, அத்தனையும் பயம். சொல்லிவிட்டால் நிஜமாகிவிடுமே என்ற பயம். கண்ணு போனவர் என்று அவள் கையைப் பிடித்துக் கூட்டிப்போவதை ஊர் பார்க்குமே என்ற பயம். அவள் தரையைத் துடைத்தாள். அதற்கப்புறம் அவள் வருவதும் தெரியவில்லை, போவதும் தெரியவில்லை. திரும்பினால் இடது பக்கம் நின்றுகொண்டிருப்பாள், எத்தனை நேரமாக நிற்கிறாளோ. கோபித்துக்கொண்டு இப்படி ஊமையாக நடமாடுகிறாள் என்று இவரும் வீம்பாக இருந்துவிட்டார். வீடே ஒரு மாதிரி ஆகிவிட்டது. என்ன குறைகிறது என்று ரொம்ப நாள் பிடிபடவில்லை, பிறகுதான் கவனித்தார், வெறும் கை. “வளையலெல்லாம் எங்க?” “கை எரியுது, கழட்டிட்டேன்.”

கை எரிகிறது. வெந்தது வலது கை. ரெண்டு கையிலிருந்தும் ஏன் கழற்றினாள்? மஞ்சள் விளக்கு கலங்கி ரெண்டாகி மறுபடி ஒன்றானது. டிக்குன்னு காட்டிக் குடுத்துடுது வசு. நெய் ரோஸ்ட் சாப்பிட்டுக்கொண்டே இவர்தான் சொன்னார், இவர் வாயாலேயே. வளையல் சத்தம் கேட்டுத்தான் இந்த மனுஷன் திரும்புகிறார், பார்த்துத் திரும்பவில்லை என்று அவளுக்குச் சந்தேகம் வந்திருக்கிறது. சத்தத்தை எடுத்துவிட்டாள். ரெண்டாவது காபி தவறிக் கொட்டினதில்லை. அடிப்பாவி, அது தெரிந்தே நீட்டின கை! ஒரு தரம் கொட்டினால் தற்செயல், இன்னொரு தரம் வைத்துப் பார்த்தால்தான் தெரியும் என்று, வெந்த கையையே கொண்டுவந்து அதே இடத்தில் நீட்டியிருக்கிறாள். அப்புறம் ஒவ்வொரு நாளும் சாவியை இந்தப் பக்கம் வைத்தது, கண்ணாடிக் கூட்டை அந்தப் பக்கம் தள்ளினது, கதவோரம் மூச்சுக் காட்டாமல் நின்றது, இன்றைக்கு ஒரு முழம் முன்னால், நாளைக்கு ஒரு முழம் பின்னால், எந்த இடத்தில் நின்றால் இவருக்குத் தெரிகிறாள், எந்த இடத்தில் மறைந்துபோகிறாள் என்று. நகர்த்தி நகர்த்திப் பார்த்திருக்கிறாள். படத்தை இல்லை, தன்னையே. இவர் கண்ணில் தான் எங்கே வெட்டுப்பட்டுப் போகிறோம் என்று அந்த ஓரத்தைத் தேடிக்கொண்டு தன் வீட்டுக்குள்ளேயே தனியாக நடந்திருக்கிறாள். இவர் ஒரு நாள் திரும்பி, வசு, எனக்கு நீ தெரியலை என்று சொல்வார் என்று காத்திருந்தாளோ? இவரோ போனில் யாரிடமோ, எனக்கென்ன, கண்ணு கல்லு மாதிரி இருக்கு என்று சிரித்துக்கொண்டிருந்தார். அப்போதும் அவள் பக்கத்தில்தான் நின்றிருப்பாள்.

தாளம் இப்போது நன்றாகப் பிடிபட்டுவிட்டது. ஒன்று, ரெண்டு மூச்சு, அடுத்தது. வேண்டுமென்றால் கடைசிவரை அழுத்திக்கொண்டே போய்விடலாம், டாக்டரம்மா தலையைச் சொறிந்துகொண்டு இன்னும் ஆறு மாசம் தள்ளிப் போடுவார், ஆறு மாசம் இவர் கண்ணுக்கு ஒன்றுமில்லாதவராக நடமாடலாம். கட்டைவிரல் பட்டனின் மேல் கிடந்தது. பரீட்சைக்காக வரையிறீங்களா சார்? விரலைத் தூக்கினார். மூச்சு, மூச்சு. இப்போது ஒன்று வந்து போயிருக்கும், தெரியவில்லை. மூச்சு, மூச்சு. தெரியவில்லை. நடுவுக்குக் கிட்ட ஒரு பொட்டு, அழுத்தினார், இது நிஜம். அப்புறம் தெரியவில்லை. தெரியவில்லை. தெரியவில்லை. ஒவ்வொன்றும் உள்ளே போய் விழுந்தது. இத்தனை தூரம் போய்விட்டதா? இவ்வளவும் போன பிறகா இவர் மோட்டார் சத்தத்தைக் கேட்டு மார் தட்டிக்கொண்டிருந்தார்? ரெண்டு வருஷம் முன்னால் விரலை அடக்கியிருந்தால் இதில் பாதி மிஞ்சியிருக்குமோ என்னவோ. பஞ்சுக்குக் கீழே வலது கண் தன் பாட்டுக்கு அழுதது. “சார், பட்டன் வேலை செய்யுதா? அழுத்தவே மாட்டேங்கறீங்களே.” “வேலை செய்யுதும்மா. எனக்குத்தான் தெரியலை.” “சரி சார்,” என்றாள் ரெஜினா, வேறு குரலில். “தெரியிறதுக்கு மட்டும் அழுத்துங்க, பரவாயில்ல.”

முடிந்து பஞ்சை எடுத்துத் துடைத்துவிட்டு வெளியே வந்தபோது தாழ்வாரத்து வெளிச்சம் கண்ணில் குத்தியது. உள்ளே போகும்போது வசுமதி, வெளியே வருகிறவருக்கு இடது பக்கம் வரும் நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். பழக்கத்தில் கழுத்தை முழுக்கத் திருப்பி அங்கே பார்த்தார், காலி. எங்கே போய்விட்டாள் என்று பதறித் திரும்பினால், எதிரே, வலது பக்கம், நன்றாகத் தெரிகிற இடத்தில் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். தணிகாசலம் அவள் முன்னால் போய் நின்றார். “வசு, எனக்கு இடது பக்கம் தெரியலை. ரொம்ப நாளாவே தெரியலை.” சொல்லிவிட்டார், தாழ்வாரத்தில் நாலு பேர் காது பட. “தெரியும்,” என்றாள் வசுமதி. “இன்னைக்குப் பாதிக்கு மேல நான் அழுத்தவே இல்லை,” என்றார் அவர். “ம்.” கைப்பையின் கொக்கியைத் திறந்தாள், மூடினாள். “நான்தான் டாக்டரம்மாவுக்கு போன் பண்ணினேன். சத்தம் போடாத மெஷின் இருந்தா அதுல எடுங்கன்னு.” “என்கிட்டயே கேட்டிருக்கலாமே வசு.” “கேட்டா ஆமான்னு சொல்லியிருப்பீங்களா? கேட்டிருந்தா அதுக்கும் ஒரு நாலு வரி எழுதிச் சொருகியிருப்பீங்க.” சிரிக்கப் பார்த்தாள், உதடு கோணிக்கொண்டது. “எத்தனை நாள் அந்தப் பக்கமா வந்து நின்னேன் தெரியுமா? நீங்களா ஒரு தரம் தேட மாட்டீங்களான்னுதான் நின்னேன்.” கறுத்துப்போன அந்த மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார்.

வசுமதி மெதுவாகக் கையை உருவிக்கொண்டாள். பைக்குள்ளிருந்து ஒரு கைக்குட்டைப் பொட்டலத்தை எடுத்துப் பிரித்தாள், கண்ணாடி வளையல்கள். ஒன்றன்பின் ஒன்றாக, முதலில் இடது கையில், அப்புறம் வலது கையில் வெந்த இடத்துக்கு மேலே பார்த்துப் பார்த்து ஏற்றினாள். “டாக்டரம்மா கூப்பிடுவாங்க, ஆபரேஷனுக்கு நாள் கேக்கணும், வாங்க போலாம்,” என்று எழுந்தாள். “இந்தப் பக்கமே வாயேன் வசு, இங்கன்னா நீ தெரியிற,” என்றார் தணிகாசலம். “வலது பக்கத்துக்குத்தான் உங்களுக்குக் கண்ணு இருக்கே,” என்றாள் அவள், சுற்றிக்கொண்டு இடது பக்கம் போனாள். பாதியிலேயே மறைந்துவிட்டாள். அங்கே சுவர் இருந்தது, ஜன்னல் இருந்தது, அவள் இல்லை. தணிகாசலம் அடியெடுத்து வைத்தார், கூடவே வளையல் குலுங்கியது.